மெதுவாகப் போகும் காரைப் படம்பிடிப்பது

கோவையில் உதவி ஒளிப்பதிவாளராக இருக்கும் ஒரு தம்பி கேட்ட கேள்வி இது: "லாஸ் ஏஞ்சலஸில் லோரைடர், ஹாட் ராட் மாதிரியான கஸ்டம் கார்களைப் படம்பிடிப்பதிலேயே பேர் வாங்கிய ஒளிப்பதிவாளர்கள் இருக்கிறார்களாமே? கார் விளம்பரம் எடுப்பதற்கும் அதற்கும் என்ன வித்தியாசம்? அந்த வேலைக்குள் ஒருவர் எப்படிப் போவது?"

நான் பதினான்கு வருடமாக லாஸ் ஏஞ்சலஸில் கேமரா டிபார்ட்மென்ட்டில் இருக்கிறேன். முதலில் லோடர் (கேமராவில் ஃபிலிமோ கார்டோ ஏற்றுபவர்), அப்புறம் ஃபோகஸ் புல்லர் (ஷாட்டில் ஃபோகஸைப் பார்த்துக்கொள்பவர்). கடைசி ஆறு வருடமாகச் சின்னப் படங்களுக்கும் மியூசிக் வீடியோக்களுக்கும் ஒளிப்பதிவு செய்கிறேன். ஞாயிற்றுக்கிழமை சாயந்திரங்களில் பாதிக்கு மேல் லோரைடர் கார்களோடுதான் கழிந்திருக்கிறது. லோரைடர் என்றால் தரையோடு தரையாக இறக்கி, மெதுவாக ஓட்டுகிற கார்; ஹாட் ராட் என்றால் வேகத்துக்காக மாற்றிய கார். எனக்குத் தெரிந்ததைக் கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

வித்தியாசம் வேகத்தில் இருக்கிறது. கார் விளம்பரத்தில் நாம் கற்றுக்கொள்வது எல்லாமே வேகத்தைக் காட்டுவதற்கான வித்தை. நனைத்த சாலை, தரையை ஒட்டிய வைட் லென்ஸ், கிரேன் பொருத்திய கேமரா கார், இரண்டு நொடிக்கு ஒரு கட். லோரைடர் மணிக்கு பத்து, பதினைந்து கிலோமீட்டரில் போகும். அதை ஓட்டுபவர் எங்கேயும் போய்ச் சேர வேண்டியதில்லை. தெருவில் நிற்பவர்கள் பார்க்க வேண்டும், அவர்கள் பார்ப்பதை அவரும் பார்க்க வேண்டும், அவ்வளவுதான். இங்கே இதை "லோ அண்ட் ஸ்லோ" என்பார்கள். விளம்பரத்திலிருந்து வருகிற ஒளிப்பதிவாளர் முதல் நாளே அந்தக் காரை வேகமாகக் காட்டப் பார்ப்பார். ஃபுட்டேஜ் பார்க்க நன்றாக இருக்கும், ஆனால் காரின் சொந்தக்காரர் பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் போய்விடுவார். நம் ஊர்த் தேரை நினைத்துப் பாருங்கள். தேர் ஏன் இவ்வளவு மெதுவாக வருகிறது என்று யாரும் கேட்பதில்லை. ஆடி அசைந்து வருவதுதான் தேர். அதை ஓடவிட்டு எடுத்தால் எப்படி இருக்கும்?

இந்த மெதுவுக்கு ஒரு வரலாறு உண்டு. அது தெரியாமல் கேமராவைத் தூக்கிக்கொண்டு போகக் கூடாது என்பது என் கருத்து. இரண்டாம் உலகப் போருக்குப் பிந்தைய ஆண்டுகளில் கிழக்கு லாஸ் ஏஞ்சலஸின் மெக்சிகோ வம்சாவளி இளைஞர்கள் பழைய செவர்லே கார்களைக் கைக்கு எட்டிய விலையில் வாங்கினார்கள். அதே காலத்தில் கலிஃபோர்னியாவின் வறண்ட ஏரிப் படுகைகளில் ஹாட் ராட் பையன்கள் எடையைக் குறைத்து, எஞ்சினை ஏற்றி, வேகத்துக்காகக் கார்களை மாற்றிக்கொண்டிருந்தார்கள். இவர்கள் எதிர்த்திசையில் போனார்கள். டிக்கியில் மணல் மூட்டையோ சிமெண்ட் மூட்டையோ போட்டார்கள், ஸ்ப்ரிங்கை வெட்டினார்கள், காரைத் தரையோடு தரையாக இறக்கினார்கள். மெக்சிகோ ஊர்களில் சாயந்திரம் ஊர்ச் சதுக்கத்தைச் சுற்றி நடந்து ஒருவரை ஒருவர் பார்த்துக்கொள்ளும் வழக்கம் உண்டு. அதைத்தான் சக்கரத்தின் மேல் ஏற்றினார்கள் என்று பெரியவர்கள் சொல்வார்கள்.

அரசு சும்மா இருக்கவில்லை. 1958 ஜனவரியில் நடைமுறைக்கு வந்த கலிஃபோர்னியா வாகனச் சட்டத்தின் 24008ஆம் பிரிவு, காரின் எந்தப் பாகமும் சக்கர ரிம்மின் அடிமட்டத்துக்குக் கீழே இறங்கக் கூடாது என்றது. அதற்குப் பதிலடியாகத்தான் ஹைட்ராலிக்ஸ், அதாவது எண்ணெய் அழுத்தத்தால் காரை ஏற்றி இறக்கும் அமைப்பு, வந்தது. ரான் அகிரே என்பவர் விமானங்களில் பயன்பட்ட ஹைட்ராலிக் பாகங்களைத் தன் கார்வெட்டில் பொருத்தினார். போலீஸ் வந்தால் ஸ்விட்சைத் தட்டிக் காரைத் தூக்கிக்கொள்ளலாம், போனபின் இறக்கிக்கொள்ளலாம். இன்று மேடை போட்டு வேடிக்கை பார்க்கிற "ஹாப்", முன்சக்கரங்கள் துள்ளுகிற அந்த ஆட்டம், அபராதச் சீட்டுக்குப் பயந்து கண்டுபிடித்த ஒரு உபாயத்திலிருந்து வளர்ந்தது. 1979இல் கிழக்கு லாஸ் ஏஞ்சலஸின் விட்டியர் புலிவார்ட் சாலையில் தடுப்பு வைத்து க்ரூஸிங்கையே, அதாவது இப்படி மெதுவாகக் கார் ஓட்டிச் சுற்றுவதையே, நிறுத்தினார்கள். அப்புறம் பல நகரங்கள் தனித்தனியாகத் தடை போட்டன. 2023 அக்டோபரில் கையெழுத்தான ஏபி 436 என்ற சட்டம்தான் 24008ஐயும் நகரத் தடைகளையும் ஒருசேர நீக்கியது. 2024 ஜனவரி 1 முதல் அது நடப்பில் இருக்கிறது. அதாவது நாற்பது, ஐம்பது வருடமாக இந்தக் கார்களைப் பக்கத்தில் வந்து உற்றுப் பார்த்த வெளியாள் பெரும்பாலும் போலீஸ்காரர்தான். கேமராவோடு வருபவரையும் முதலில் அந்தக் கண்ணோடுதான் பார்ப்பார்கள். அவர்கள் மேல் தப்பில்லை.

சரி, தொழிலுக்கு வருகிறேன். முதலில் பெயிண்ட்.

கேண்டி பெயிண்ட் எப்படி அடிக்கிறார்கள் என்று ஒரு முறையாவது பட்டறையில் உட்கார்ந்து பார்த்துவிடுங்கள். டிங்கரிங் முடிந்து, பட்டி பார்த்து, தேய்த்து, கண்ணாடி மாதிரி சமமாக்கியபின் முதலில் வெள்ளி அல்லது தங்க நிற மெட்டாலிக் அடிப்பூச்சு. அதற்கு மேல் ஒளி ஊடுருவும் நிறப்பூச்சு, மெல்லிசாக, ஒன்றன்மேல் ஒன்றாகப் பல கோட். கடைசியில் க்ளியர். வெளிச்சம் நிறத்துக்குள் புகுந்து, அடியில் இருக்கும் உலோகத் துகளில் பட்டு, திரும்ப அதே நிறத்தின் வழியாகவே வெளியே வருகிறது. ஒரே நிறத்தை இரண்டு முறை கடக்கிறது. அதனால்தான் நேராகப் பார்க்கும் இடத்தில் தணல் போலவும், வளைந்து விலகும் இடத்தில் கெட்டியான இரத்தச் சிவப்பாகவும் தெரியும். மிட்டாய்த் தாளுக்குள் டார்ச் அடித்த மாதிரி.

ஒளிப்பதிவாளருக்கு இதில் ஒரு சிக்கல் இருக்கிறது. அந்தத் துகள்கள் உயிர்பெற ஒரு சின்ன, கடினமான வெளிச்சம் வேண்டும், வெயில் மாதிரி. ஆனால் மட்கார்டின் வளைவும் பானட்டின் கோடும் தெரிய ஒரு பெரிய, மென்மையான வெளிச்சம் வேண்டும், வானம் மாதிரி. ஒன்றை மட்டும் கொடுத்தால் ஒன்று மினுக்கும், உருவம் போய்விடும். அல்லது உருவம் நிற்கும், பெயிண்ட் செத்துவிடும். பொழுது சாயும் நேரத்தில் இந்த இரண்டும் இயற்கையாகவே கிடைக்கின்றன: கீழே இறங்கிய வெயில் ஒரு பக்கம், முழு வானமும் ஒரு பக்கம். இருபது, இருபத்தைந்து நிமிடம்தான். லோரைடர் படங்கள் ஏன் எப்போதும் சாயந்திரத்திலேயே இருக்கின்றன என்று கேட்பவர்களுக்குப் பதில் இதுதான், அழகுக்காக மட்டும் என்று நினைத்துவிட வேண்டாம்.

போலரைசர், அதாவது லென்ஸ் முன்னால் மாட்டிப் பிரதிபலிப்பைக் குறைக்கும் ஃபில்டர், பற்றி ஒரு எச்சரிக்கை. புதிதாக வருபவர்கள் எல்லோரும் போலரைசரை முழுக்கத் திருப்பிப் பிரதிபலிப்பை வெட்டிவிடுவார்கள். மானிட்டரில் நிறம் ஆழமாக, பளிச்சென்று தெரியும், சந்தோஷப்படுவார்கள். ஆனால் மேலே இருந்த க்ளியர் கோட்டின் பளபளப்பு போய்விட்டது. மாதக்கணக்காக அந்த மனிதர் தேய்த்துத் தேய்த்துக் கொண்டுவந்த ஈரம் போய்விட்டது. கார் வெல்வெட் போர்த்தின மாதிரி நிற்கும். நான் பாதிதான் திருப்புவேன். கண்ணாடியில் ஓட்டுபவர் முகம் தெரியும் அளவுக்கு வெட்டிவிட்டு நிறுத்திக்கொள்வேன். எப்படியும் ஒன்றரை ஸ்டாப்புக்கு மேல் வெளிச்சம் போகும் (ஒரு ஸ்டாப் என்றாலே வெளிச்சம் பாதி), சாயந்திரத்தில் அது பெரிய விலை.

இன்னொன்று, சிவப்பு. டிஜிட்டல் சென்சாரில் கேண்டி சிவப்பு ரொம்ப சீக்கிரம் உடையும். வெளிச்ச அளவைக் காட்டும் சாதாரண வேவ்ஃபார்ம் வரைபடத்தில் எக்ஸ்போஷர் பத்திரமாக இருப்பதாகத்தான் காட்டும், ஆனால் சிவப்பு சேனல் மட்டும் மேலே முட்டி நின்றிருக்கும். அப்புறம் நிறத்தைச் சரிசெய்யும் கிரேடிங்கில் எவ்வளவு இழுத்தாலும் அந்த இடம் பிளாஸ்டிக்தான். சிவப்பு, பச்சை, நீலத்தைத் தனித்தனியாகக் காட்டும் ஆர்ஜிபி பரேடைப் பார்த்து, சிவப்பை மட்டும் வைத்து எக்ஸ்போஸ் செய்யுங்கள். இரவில் எல்இடி விளக்கு வைத்தால், சிவப்பு அலைவரிசையில் பலவீனமான மலிவு விளக்குகளைத் தொடவே வேண்டாம். ஒரு பழைய டங்ஸ்டன் பல்ப் போதும், பெயிண்ட் தானாகப் பேசும்.

இவ்வளவும் பெயிண்டின் உள்ளே நடப்பது. மேலே நடப்பது பிரதிபலிப்பு. நன்றாகத் தேய்த்த கார் என்பது சக்கரம் வைத்த கண்ணாடி. நீங்கள், உங்கள் கேமரா, பக்கத்தில் நிற்கும் உதவியாளரின் மஞ்சள் டி-ஷர்ட், தெருவோரக் குப்பைத்தொட்டி எல்லாம் கதவில் தெரியும். கேமரா கார்களுக்குப் பளபளப்பில்லாத கருப்பு அடித்திருப்பது இதனால்தான். நாங்களும் கருப்பு உடையில்தான் போவோம். எந்தத் தெருவில் எடுப்பது என்று முடிவு செய்யும்போது நான் காரின் பின்னால் என்ன இருக்கிறது என்று பார்ப்பதைவிட, கேமராவுக்குப் பின்னால் என்ன இருக்கிறது என்றுதான் அதிகம் பார்ப்பேன். ஏனென்றால் கதவில் வரப்போவது அதுதான். எதிர்வரிசைக் கட்டடங்கள் ஒரே உயரமாக இருந்தால் கதவில் ஒரே கோடாக ஓடும். பனைமரங்கள் இருந்தால் பானட்டின் மேல் ஒவ்வொன்றாக ஊர்ந்து போகும். மெதுவாகப் போகிற காரில் அந்த ஊர்தல் கண்ணுக்குப் பழகும் வேகத்தில் நடக்கும். அறுபது கிலோமீட்டரில் போனால் அது வெறும் கோடு.

லாஸ் ஏஞ்சலஸின் எலிஸியன் பார்க்கில் ஞாயிற்றுக்கிழமை லோரைடர்கள் கூடுவார்கள். குடும்பம் குடும்பமாக வருவார்கள், அடுப்பு புகையும், குழந்தைகள் ஓடும். அங்கே நான் முதல்முறை கேமராவோடு போனபோது ஒரு 1964 செவர்லே இம்பாலா பக்கத்தில் முட்டி போட்டு லோ ஆங்கிள் வைத்தேன். அறுபதைத் தாண்டிய ஒருவர் காருக்குப் பின்னால் குனிந்து, காது குடையும் பட் ஒன்றைச் சுத்தம் செய்யும் திரவத்தில் நனைத்து, பம்பருக்கும் உடலுக்கும் நடுவே இருக்கும் ஒரு விரலளவு இடுக்கைத் துடைத்துக்கொண்டிருந்தார். ஒரு பட் கருத்ததும் அடுத்தது. என்னைப் பார்த்தார், என் இடுப்பைப் பார்த்தார். எழுந்து வந்து, ஒன்றும் சொல்லாமல், தன் தோளில் கிடந்த துணியை என்னிடம் நீட்டினார். எனக்குப் புரியவில்லை. என் பெல்ட் பக்கிளைச் சுட்டிக்காட்டினார். நான் மட்கார்டு மேல் சாய்ந்திருந்தால் அந்தப் பக்கிள் நான்கு மாத வேலையில் ஒரு கோடு இழுத்திருக்கும். துணியை இடுப்பில் சுற்றிக் கட்டிக்கொண்டேன். அன்றிலிருந்து பெல்ட் போடாத, உலோகப் பட்டன் இல்லாத கால்சட்டையில்தான் போகிறேன். கேமராவின் கீழே தொங்கும் கேபிள்களை டேப் போட்டு ஒட்டிவிடுவேன். லென்ஸ் முன்னால் மாட்டும் மேட் பாக்ஸின் ஓரத்தில் ஃபெல்ட் துணி. அந்த மனிதர் அடுத்த மூன்று ஞாயிறும் என் இடுப்பைத்தான் முதலில் பார்த்தார். நான்காவது ஞாயிறு, "கதவைத் திற, உள்ளே உட்கார்ந்து எடு" என்றார்.

இனி ஓடும் காரை எடுப்பது. நடிகர் ஓட்டும் காட்சிகளை எடுக்க வழக்கமாகக் காரை ஒரு தாழ்வான ட்ரெய்லர் மேல் ஏற்றி இழுத்துப் போவார்கள். லோரைடருக்கு இது சரிப்படாது. ட்ரெய்லர் எவ்வளவு தாழ்வாக இருந்தாலும் கார் அரை அடியாவது மேலே போய்விடும், ஜன்னலுக்கு வெளியே தெரியும் உலகத்தின் உயரம் மாறிவிடும். தரையோடு தரையாக உட்கார்ந்து போகிற உணர்வுதான் இந்தக் காரின் உயிர். அதனால் நிஜமாகவே ஓட்டித்தான் எடுக்க வேண்டும். நல்லவேளையாக, இவ்வளவு மெதுவாகப் போகும் காருக்குப் பெரிய கருவி எதுவும் வேண்டாம். ஒரு பிக்-அப் வண்டியின் பின்பக்கம், கேமரா குலுங்காமல் பிடிக்கும் கிம்பல் ஒன்று, நன்றாகக் கட்டிய பெல்ட். கேமரா பம்பர் உயரத்தில். லென்ஸ் 75 மில்லிமீட்டர் வாக்கில். 1964 இம்பாலா ஐந்தேகால் மீட்டருக்கும் கொஞ்சம் அதிக நீளம். அதை வைட் லென்ஸில் பக்கத்தில் போய் எடுத்தால் முன்பக்கம் வீங்கி, பின்பக்கம் சூம்பிப் போகும். அந்த நீளத்தை வரைந்தவர்களுக்கு நாம் செய்யும் அநியாயம் அது.

சக்கரம் இன்னொரு கணக்கு. 13 அங்குல கம்பிச் சக்கரத்தின் நடுவே மூன்று காதுள்ள நாக்-ஆஃப் மூடி இருந்தால், நொடிக்கு 24 ஃபிரேமில் மணிக்கு சுமார் 26 கிலோமீட்டர் வரை அது ஒழுங்காக முன்னோக்கிச் சுழல்வதாகத் தெரியும். அதைத் தாண்டினால் பின்னோக்கிச் சுழல்வது போலத் தோன்றும், 52ஐ நெருங்கும்போது நின்றே போய்விடும். டயரின் சுற்றளவு சுமார் 1.8 மீட்டர் என்று வைத்துப் போட்ட கணக்கு இது, நீங்களும் போட்டுப் பார்க்கலாம். ஆக, அவர்கள் விரும்பும் வேகத்தில் ஓட்டவிட்டால் கேமராவுக்கும் அதுவே சரியான வேகம். இதை முதன்முதலில் கணக்குப் போட்டுப் பார்த்தபோது எனக்கு உண்மையிலேயே மனசு நிறைந்தது.

ஹாப் எடுக்கும்போது எல்லோரும் ஸ்லோ மோஷனுக்குப் போகிறார்கள். நான் பெரும்பாலும் 24லேயே எடுப்பேன். பம்ப் கத்துவது, ஸ்ப்ரிங் முனகுவது, இரண்டு டன் எடை தார்ச்சாலையில் வந்து விழும் அந்த "தொம்", இவற்றோடு சேர்த்துப் பார்த்தால்தான் அது கார். ஸ்லோ மோஷனில் எடை போய்விடுகிறது, பலூன் மாதிரி மிதக்கிறது. எதுவாக இருந்தாலும் காரின் நேர் முன்னாலோ நேர் பின்னாலோ நிற்காதீர்கள். ஹைட்ராலிக் குழாய் வெடித்தால் எண்ணெய் பீய்ச்சி அடிக்கும்; டிக்கி முழுக்க பேட்டரிகள், அமிலம். பக்கவாட்டில், தூரமாக, நீளமான லென்ஸோடு.

இப்போது நீங்கள் கேட்ட ஒளிப்பதிவாளர் வாழ்க்கைக்கு வருகிறேன். நான் அடிக்கடி நினைத்துக்கொள்வது இரண்டு பேரை.

ஒருவர் ஹாஸ்கல் வெக்ஸ்லர். 1922இல் சிகாகோவில் பிறந்தவர், ஒளிப்பதிவுக்கு இரண்டு ஆஸ்கர் வாங்கியவர், 2015இல் மறைந்தார். அவருக்குக் கார் பந்தயத்தில் பெரிய ஈடுபாடு. பின்னாளில் 'ஸ்டார் வார்ஸ்' எடுத்த இயக்குநர் ஜார்ஜ் லூகாஸ், திரைப்படக் கல்லூரிக்குப் போகும் முன்பே அவருக்குப் பழக்கமானது அந்த வட்டத்தில்தான். 1972இல் லூகாஸ் 'அமெரிக்கன் கிராஃபிட்டி'யை எடுத்தபோது, கையில் எட்டு லட்சம் டாலருக்கும் குறைவான பணம். கதை 1962இன் ஒரே இரவில் நடக்கிறது, பாதிப் படம் கார்களுக்குள். சான் ரஃபேலில் ஆரம்பித்து பெட்டலூமாவுக்கு மாறி, தொடர்ந்து இரவு இரவாக எடுத்தார்கள். முதலில் எடுத்தவை இருட்டில் மூழ்கி, திருப்தியாக வரவில்லை. லூகாஸ் வெக்ஸ்லரைக் கூப்பிட்டார். அவர் பகலில் லாஸ் ஏஞ்சலஸில் விளம்பரப் படம் எடுத்துவிட்டு, சாயந்திரம் விமானம் ஏறி வடக்கே வந்து, விடியும்வரை வேலை பார்த்துவிட்டுத் திரும்பிப் போவார். டெக்னிஸ்கோப் என்ற முறை; ஒரு ஃபிரேமுக்கு வழக்கமான ஃபிலிமில் பாதிதான் செலவாகும். தவிர, அகலத்திரைக்காகப் படத்தைப் பக்கவாட்டில் நெருக்கும் அனமார்ஃபிக் லென்ஸ் வேண்டாம் என்பதால் கொஞ்சம் அதிக வெளிச்சம் உள்ளே விடும் சாதாரண லென்ஸ்களைப் பயன்படுத்தலாம். கார்களுக்குள் சின்னச் சின்ன விளக்குகளை மறைத்து வைத்தார்கள். முகத்தில் டேஷ்போர்டு வெளிச்சம், கண்ணாடியில் ஊர்ந்து போகும் கடை விளக்குகள். அந்தப் படத்தில் பெயர்ப்பட்டியலில் அவருக்கு இருப்பது "காட்சி ஆலோசகர்" என்ற பட்டம். ஒளிப்பதிவாளர்களாக ரான் எவ்ஸ்லேஜும் ஜான் டால்க்வென்னும் இருக்கிறார்கள்.

கஸ்டம் காருக்குள் விளக்கு வைப்பது எவ்வளவு கஷ்டம் என்பதை எடுத்துப் பார்த்தவர்களுக்குத்தான் தெரியும். 1951 மெர்க்குரி மாதிரி கார்களில் கூரையை அறுத்து, சில அங்குலம் இறக்கித் திரும்ப ஒட்டிவிடுவார்கள். 1952இல் பாப் ஹிரோஹாட்டா என்ற ஜப்பானிய அமெரிக்க இளைஞருக்காக பாரிஸ் (Barris) சகோதரர்களின் பட்டறையில் செய்த மெர்க்குரிதான் அதில் புகழின் உச்சி. 2022இல் ஏலத்தில் ஏறத்தாழ 20 லட்சம் டாலருக்குப் போனது. வெளியிலிருந்து பார்க்க அப்படி ஒரு அழகு. உள்ளே முன்கண்ணாடி ஒரு அஞ்சல்பெட்டி வாய் அளவுக்குச் சுருங்கியிருக்கும். ஓட்டுபவர் முகத்தில் பாதி எப்போதும் நிழல். வெளியிலிருந்து விளக்கு அடித்தால் கூரை மறைக்கும், உள்ளே விளக்கு வைத்தால் கண்ணாடியில் தெரியும். நான் சன்வைசருக்குப் பின்னால் விரலளவு விளக்கு ஒன்றை ஒட்டி, அதற்கு மேல் கேக் சுடும்போது போடும் பேக்கிங் பேப்பரை வைத்துத் தணித்துப் பழகினேன். வெக்ஸ்லர் ஐம்பது வருடம் முன்பு, உணர்திறன் குறைந்த ஃபிலிமில், இரவில், ஓடும் காரில் அதைச் செய்தார் என்று நினைக்கும்போது மரியாதை கூடுகிறது.

இன்னொருவர் எஸ்டெவன் ஓரியோல். இவர் எதிர்ப்பக்கத்திலிருந்து வந்தவர். ஹிப்-ஹாப் குழுக்களுக்கு டூர் மேனேஜராக இருந்தபோது புகைப்படக்காரரான அப்பா கையில் ஒரு கேமராவைக் கொடுத்தார். லோரைடர் அவருக்கு ஏற்கனவே வாழ்க்கை. தன் நண்பர்களை, தன் தெருவை, தன் வகைக் கார்களை எடுத்தார். அதிலிருந்து மியூசிக் வீடியோக்கள், 2020இல் ஒரு முழுநீள ஆவணப்படம் வரை போனார். அவர் படங்களில் கார் தனியாக நிற்பது குறைவு. யாரோ சாய்ந்திருப்பார்கள், யாரோ உள்ளே இருப்பார்கள். வெளியாள் எடுத்தால் பெயிண்ட் இருக்கும். அவர் எடுத்தால் ஆள் இருக்கிறார்.

வெக்ஸ்லரிடம் இருந்த ஒளி வித்தையை என்னால் படித்துக்கொள்ள முடிந்தது. ஓரியோலுக்குப் பிறப்பிலேயே கிடைத்த இடம் எனக்குக் கிடையாது, கிடைக்கவும் கிடைக்காது. ஞாயிறு ஞாயிறாகப் போய் நின்றுதான் கொஞ்சம் கிட்டப் போக முடிந்தது.

'ஜிப்ஸி ரோஸ்' கதையைச் சொல்லாமல் விட முடியாது. இம்பீரியல்ஸ் என்ற லோரைடர் க்ளப்பைச் சேர்ந்த ஜெஸ்ஸி வலாடெஸ் என்பவரின் 1964 இம்பாலா. இளஞ்சிவப்பு உடலில் வால்ட் ப்ரே என்ற ஓவியர் கையால் வரைந்த நூற்றுக்கும் மேற்பட்ட ரோஜாக்கள். 1970களில் ஒரு தொலைக்காட்சி நகைச்சுவைத் தொடரின் டைட்டிலில் அந்தக் கார் சாலையில் போகும் சில நொடிகள் வாராவாரம் அமெரிக்கா முழுக்கப் போனது. வீட்டில் உட்கார்ந்திருந்த லட்சக்கணக்கானவர்கள் லோரைடர் என்ற ஒன்றைப் பார்த்தது அப்படித்தான். 2017இல் அதே காரை வாஷிங்டனில் நேஷனல் மால் என்ற திறந்தவெளிப் பூங்காவில் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்துக் காட்டினார்கள். அந்தச் சில நொடிகளை எடுத்த கேமராக்காரரைப் பற்றி யாரும் பேசுவதில்லை. ஆனால் அவர் காரை ஓட்டவிட்டு, தானும் அவசரப்படாமல் கூடவே போயிருக்கிறார். எனக்கு அது போதும்.

பணத்தைப் பற்றியும் நேர்மையாகச் சொல்லிவிடுகிறேன். இதை மட்டுமே வைத்துச் சாப்பிடுகிறவர்கள் ரொம்பக் குறைவு. மியூசிக் வீடியோ, உடை மற்றும் காலணி விளம்பரம், அவ்வப்போது ஆவணப்படம், அருங்காட்சியகத்துக்கான பதிவு, இவைதான் சம்பளம் வரும் இடங்கள். மீதி நாட்களில் சீரியலோ சினிமாவோ. இங்கே பெரிய படப்பிடிப்புகளில் வேலை பார்க்க ஒளிப்பதிவாளர்கள் சங்கமான லோக்கல் 600இல் உறுப்பினராக வேண்டியிருக்கும், அதற்கு வேலை நாட்கள் சேர வேண்டும். தெருவில் கார் ஓட்டி எடுக்க ஃபிலிம்எல்ஏ என்ற அமைப்பு மூலம் அனுமதி வாங்க வேண்டும், போக்குவரத்தை நிறுத்த போலீஸ் வேண்டும், அதற்கெல்லாம் தனிச் செலவு. என் முதல் மூன்று வருட லோரைடர் ஃபுட்டேஜுக்கு ஒரு டாலர் வரவில்லை. ஒரு தயாரிப்பு நிறுவனம் அதில் நாற்பது நொடியை என்னிடம் கேட்காமலே எடுத்துப் போட்டுக்கொண்டது. காரின் சொந்தக்காரரிடமும் கேட்கவில்லை. அவருக்கு நான்தான் விற்றுவிட்டேன் என்று தோன்றிவிட்டது. அதைச் சரிசெய்ய எனக்கு ஒரு வருடம் ஆனது. அதற்கப்புறம் ஒரு பழக்கம் வைத்துக்கொண்டேன்: யார் காரை எடுத்தாலும் இரண்டு வாரத்துக்குள் நல்ல பிரிண்ட் ஒன்றும், எடுத்த ஃபுட்டேஜின் பிரதி ஒன்றும் அவர் கையில். எங்கே போகிறது என்று எழுத்தில். இன்று எனக்கு வரும் அழைப்புகளில் பாதி அந்தப் பிரிண்டுகள் வீட்டுச் சுவரில் தொங்குவதால் வருபவை.

இந்தியாவில் இருந்தபடியே இதைச் செய்யலாமா என்ற கேள்வியும் உங்கள் மனசில் இருக்கும். நம் மோட்டார் வாகனச் சட்டத்தின் 52ஆம் பிரிவு, தயாரிப்பாளர் கொடுத்த அடிப்படை அமைப்பை மாற்ற விடுவதில்லை; 2019இல் உச்ச நீதிமன்றமும் அதை உறுதி செய்தது. அதனால் கூரையை அறுத்த காரோ துள்ளும் காரோ நம் சாலையில் கிடைக்காது. பழைய கார்களை அப்படியே பேணி வைத்திருப்பவர்கள் கோவையிலும் சென்னையிலும் நிறைய இருக்கிறார்கள். அந்தப் பெயிண்டும் குரோமும் எடுத்துப் பழகப் போதும்.

ஆரம்பிக்க ஒரு பயிற்சி சொல்கிறேன். தெரிந்தவரிடம் ஒரு கருப்புக் கார் கேளுங்கள், அம்பாசடர் கிடைத்தால் ரொம்ப நல்லது, வளைவுகள் அதிகம். கழுவித் துடைத்து, சாயந்திரம் ஐந்தரைக்கு மேற்கே திறந்த வெளி இருக்கும் இடத்தில் நிறுத்துங்கள். எட்டு முழ வெள்ளை வேட்டி ஒன்றை இரண்டு பேர் இழுத்துப் பிடிக்கட்டும். காரின் தலைக்கு மேல் அதை மெதுவாக நகர்த்தச் சொல்லி, கதவில் அந்த வெள்ளையின் ஓரம் எங்கே விழுகிறது, வளைவில் எப்படி மெலிகிறது, எந்த இடத்தில் திடீரென்று உடைகிறது என்று கேமரா இல்லாமல் கண்ணால் மட்டும் பாருங்கள். முதல் வாரம் எதுவும் எடுக்க வேண்டாம். இரண்டாவது வாரம் லென்ஸ் 75, தரையிலிருந்து ஒரு சாண் உயரம், 24 ஃபிரேம். காரை முதல் கியரில் உருட்டச் சொல்லுங்கள். பெல்ட்டைக் கழற்றி வைத்துவிட்டுப் போங்கள்.